மா படாத பண்டிகையும் மா ஆலைக்காரனும்

பிறீமா ஆலையில் உத்தியோகம் பார்த்து ஓய்வுபெற்ற ஒருவன், மா படக்கூடாத பண்டிகைக்குச் சமைக்கப் போனால் என்ன ஆகும் என்பது எங்கள் ஒழுங்கை முழுவதற்கும் இப்போது தெரியும். தெரியாதவர்களுக்காக நானே எழுதிவிடுகிறேன். என் மனைவி சொல்லிப் பரவுகிற கதையை விட இது கொஞ்சம் கௌரவமாக இருக்கும் என்று ஒரு நம்பிக்கை.

திருகோணமலைத் துறைமுகத்தைப் பார்த்தவர்களுக்குச் சீனக்குடாப் பக்கம் உயர்ந்து நிற்கிற கோதுமைக் களஞ்சியங்களை வர்ணிக்கத் தேவையில்லை. 1980 இல் அந்த ஆலை ஓடத் தொடங்கியது. நம் நாட்டில் கோதுமை விளைவதில்லை. எங்கோ விளைந்தது கப்பலில் வந்து எங்கள் குடாவில் இறங்கி, அரைபட்டு, பாணாகவும் ரொட்டியாகவும் கொத்தாகவும் ஊர் ஊராகப் போகிறது. என் பிள்ளைகள் படித்ததும் அந்த மாவின் காசில்தான். நான் இருந்தது கணக்குப் பகுதி. மாவைத் தொட்டதை விட மாவுக்குரிய பற்றுச்சீட்டைத் தொட்டதுதான் அதிகம். ஆனாலும் கலியாண வீடுகளில் பக்கத்தில் இருப்பவரிடம் பாணின் தரம், மாவின் புரதம், புளிப்பின் இரகசியம் என்று விளக்கம் கொடுக்காமல் எழும்பியதில்லை.

லண்டனில் இருக்கிற என் மகன் கட்டியது ஒரு யூதப் பெண்ணை. நல்ல பிள்ளை. என்னை ‘மாமா’ என்று சுத்தமாகக் கூப்பிடுவாள். மற்றத் தமிழெல்லாம் பேரனிடம் கேட்டுத்தான் பேசுவாள். 2025 சித்திரை வருடப்பிறப்புக்கு அவர்கள் திருமலைக்கு வருவதென்று முடிவானபோது, சம்பந்தியம்மாவும் கூட வருவதாகச் சொன்னார். அந்த ஏப்ரலில் நாட்காட்டியைப் பார்த்தவர்களுக்குத் தலை சுற்றியிருக்கும். 11ஆம் தேதி வெள்ளிக்கிழமை பங்குனி உத்தரம். 12 சனி பூரணை. அன்று இரவுதான் யூதர்களின் பஸ்காப் பண்டிகையின் முதல் விருந்து. 13 குருத்தோலை ஞாயிறு. 14 புதுவருடம். 18 பெரிய வெள்ளி. இது தற்செயல் மாதிரித் தெரிந்தாலும் முழுக்கத் தற்செயல் இல்லை. யூதர்களின் மாதமும் சந்திரனைப் பார்த்துப் பிறக்கிறது. பஸ்கா நிசான் மாதத்துப் பதினைந்தாம் இரவில் வருவதால் வானில் எப்போதும் பூரணச் சந்திரன்தான் இருக்கும். உத்தரத்துக்கும் பஸ்காவுக்கும் பல வருடங்களில் ஒன்றிரண்டு நாள்தான் இடைவெளி.

எகிப்தில் அடிமைகளாக இருந்த மக்கள் விடுதலையாகி ஓடியபோது, பிசைந்த மா புளிக்கக்கூட நேரம் இருக்கவில்லை என்பது கதை. நம் ஊர்க் கிறிஸ்தவர்களுக்கு யாத்திராகமத்தில் படித்த கதைதான். அந்த நினைவுக்காக இஸ்ரேலில் ஏழு நாளும் வெளிநாடுகளில் எட்டு நாளும் புளித்த மா வீட்டில் இருக்கக்கூடாது. முதல் இரவு விருந்துக்கு ‘சேதர்’ என்று பெயர். அதற்கு மீனைச் சம்பந்தியம்மா சமைப்பார், மட்சா என்கிற புளிக்காத அப்பத்தை லண்டனிலிருந்து கொண்டுவருவார், முட்டையும் உருளைக்கிழங்கும் இங்கே கிடைக்கும் என்று மருமகள் தொலைபேசியில் அடுக்கிக்கொண்டு போனாள். கடைசியில், “சின்னச் சின்னக் கோப்பையில் மரக்கறி சுடுவோம் மாமா, ஆளுக்கு ஒன்று. அதற்கு வழி இருக்குமா என்றுதான் அம்மா யோசிக்கிறார்” என்றாள்.

அந்த இடத்தில் நான், “அதை என்னிடம் விடு” என்றேன்.

ஏன் சொன்னேன் என்று மனைவி இன்றும் கேட்கிறாள். எங்கள் வீட்டில் ஒரு மேசை ஓவன் இருக்கிறது. மகன் எப்போதோ வாங்கித் தந்தது. அதற்குள் பிஸ்கட் டின்களும் பழைய மின்சாரப் பட்டியல்களும் குடியிருந்தன. அதற்கு ஒரு வாழ்வு கொடுக்கலாம் என்று நினைத்தேன். ‘மரக்கறியைச் சுடுவதில் என்ன பெரிய வித்தை’ என்ற எண்ணமும் இருந்தது. செய்முறையை மருமகளிடம் கேட்டிருந்தால் இந்தப் பத்தி இல்லை. ஆச்சரியம் கொடுக்க வேண்டும் என்ற ஆசை என்னைக் கேட்க விடவில்லை.

அவர்கள் வருவதற்கு முன்பே வெள்ளோட்டம் பார்த்தேன். உருளைக்கிழங்கு, கரட், லீக்ஸ், வெங்காயம் எல்லாவற்றையும் துருவி, முட்டை அடித்து ஊற்றி, உப்பும் மிளகும் போட்டுச் சுடுவது. இவர்கள் ‘கூகெல்’ என்று சொல்கிற பழைய பலகாரம் அது. கிழக்கு ஐரோப்பிய யூதர் வீடுகளில் பெரிய தட்டில் சுட்டு வெட்டிப் பரிமாறுவார்கள். தனித்தனிக் கோப்பையில் சுட்டால் ஆளாளுக்கு மொறுமொறு விளிம்பு முழுதாகக் கிடைக்கும், ஒரு மணி நேர வேலை அரை மணியில் முடியும். இவ்வளவும் சரியாகப் படித்திருந்தேன். கலவை தளதளவென்று இருந்தது. உடனே என் உத்தியோகம் வேலை செய்தது. இறுக்கமாக்க ஒரு கைப்பிடி கோதுமை மாவை அள்ளிப் போட்டேன்.

மா படாத பண்டிகை என்று தெரிந்துகொண்டே போட்டேன் என்பதைக் கவனியுங்கள். புளித்த மாவுக்குத்தான் தடை, இது புளிக்காத மாதானே என்று எனக்குள் ஒரு வாதம். படத்தை மருமகளுக்கு அனுப்பினேன். பதிலுக்கு அவளே தொலைபேசியில் வந்தாள். கோதுமை, வாற்கோதுமை, றை, ஓட்ஸ், ஸ்பெல்ட் என்று ஐந்து தானியங்கள். இவற்றின் மா தண்ணீரில் பட்டு 18 நிமிடத்துக்குள் சுட்டு முடிந்தால் மட்சா; ஒரு நிமிடம் தாண்டினாலும் விலக்கு. மட்சா சுடுகிற இடங்களில் கடிகாரத்தை வைத்துக்கொண்டுதான் பிசைவார்களாம். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. மாவில் தண்ணீர் பட்டதும் அதிலுள்ள நுண்ணுயிர் வேலையைத் தொடங்கிவிடும் என்று கலியாண வீடுகளில் சொல்லித் திரிந்தவன் நான்தானே. கரட்டும் உருளைக்கிழங்கும் விட்ட தண்ணீருக்குள் என் மா அரை மணித்தியாலம் ஊறிக் கிடந்தது.

முதல் சட்டி குப்பைக்குப் போனது. எங்கள் ஊரில் குப்பைக்கும் பார்வையாளர்கள் உண்டு. கோட்டைப் பக்கத்துப் புள்ளிமான்கள் நகருக்குள் வந்து சந்தைக் கழிவு, கடதாசி, பொலித்தீன் எல்லாவற்றையும் மேயும். அதில் ஒன்று வந்து என் கூகெலை மோந்து பார்த்துவிட்டு, பக்கத்தில் கிடந்த கடதாசிப் பெட்டியைச் சாப்பிடப் போனது.

கோதுமை போனால் என்ன, கடலை மா இருக்கிறது. அடுத்த சட்டியில் அதைப் போட்டேன். வாசம் வடை மாதிரி வந்தது, மனைவியே எட்டிப் பார்த்தாள். கடலையும் ஆகாது என்று மருமகள் சொன்னாள். அரிசி மா? ஆகாது. சோள மா? ஆகாது. ஐரோப்பாவிலிருந்து வந்த அஷ்கெனாசி யூதர்கள் பஸ்காவில் அரிசி, பருப்பு, கடலை, சோளம், எள்ளு, கடுகு எல்லாவற்றையும் ‘கிட்னியோட்’ என்று ஒதுக்குவார்கள். இது வேதத்தில் இல்லாத தடை. மத்திய காலத்து ஐரோப்பாவில், சாக்குகளில் தானியத்தோடு தானியம் கலந்துவிடும் என்ற பயத்தில் வந்த வழக்கம் என்று சொல்வார்கள். ஸ்பெயின் வழிவந்தவர்களிலும் கிழக்கத்திய யூதர்களிலும் பலர் பஸ்காவில் சோறு சாப்பிடுகிறார்கள். அஷ்கெனாசிகளுக்குள்ளேயே கன்சர்வேட்டிவ் பிரிவின் சட்டக்குழு 2015 இல் இந்தத் தடையைத் தளர்த்தியது.

நான் இதையெல்லாம் வாசித்து, மருமகளுக்கு ஒரு நீண்ட செய்தி அனுப்பினேன்: உங்கள் தல்மூதிலேயே சேதர் மேசைக்குப் பீட்ரூட்டும் சோறும் போதும் என்று ஒரு பெரியவர் சொல்லியிருக்கிறார், எனவே அரிசி மா கூடும். “மாமா, உங்கள் வாதம் சரி. அம்மம்மா சாப்பிடாததை அம்மா சாப்பிட மாட்டார்” என்று பதில் வந்தது. ஆடி அமாவாசைக்கு வாழைக்காய்தான் வேண்டும், உருளைக்கிழங்கு ஆகாது என்று என் அம்மா சொன்னபோது நானும் சாத்திரம் கேட்கவில்லை. ஆனால் அது அந்த நேரம் நினைவுக்கு வரவில்லை.

கடைசியில் மனைவி அடுக்களையிலிருந்து, “மரவள்ளி மா போடுங்கோவன்” என்றாள். மரவள்ளி கிழங்கு, தானியமும் இல்லை, பருப்பும் இல்லை. மருமகளும் சரியென்றாள். யூதர் கடைகளில் பஸ்காவுக்கென்றே மரவள்ளி மா விற்கிறார்களாம். மூதூர்ப் பக்கத்து மரவள்ளியை ஆயுள் முழுக்கத் தின்ற எனக்குத் தோன்றாத ஒன்று, குசினிக் கதவைத் தாண்டி வராமலே அவளுக்குத் தோன்றியது. நான் அதை ஒப்புக்கொள்ளவில்லை. ‘நானும் அதைத்தான் யோசிச்சேன்’ என்றேன்.

மா விவகாரம் தீர்ந்தது என்று நிம்மதியாக இருந்தபோது தண்ணீர் விவகாரம் வந்தது. உருளைக்கிழங்கு துருவியதும் தண்ணீர் விடும். உப்புப் போட்டதும் மிச்சத்தையும் விடும். கோப்பைகளை ஓவனில் வைத்து எடுத்தால், மேலே ஒரு தோல், கீழே ஒரு குளம். கொட்டியாரக் குடாவில் மகாவலி வந்து விழுகிற மாதிரி ஒவ்வொரு கோப்பையிலிருந்தும் தட்டுக்கு ஓர் ஆறு இறங்கியது. துருவலைத் துணியில் கட்டிப் பிழிய வேண்டும், பிழிந்த தண்ணீரைச் சற்று நேரம் வைத்தால் அடியில் வெள்ளையாக மாப்பொருள் படியும், மேல் தண்ணீரை ஊற்றிவிட்டு அந்த வெள்ளையைத் திரும்பச் சேர்க்க வேண்டும் என்பது பிறகுதான் புரிந்தது. தேங்காய்ப் பூவைப் பிழிந்து பழகிய எந்தப் பெண்ணும் கேட்காமலே செய்திருப்பாள். நான் பிழிந்தது என் வேட்டித் துண்டில். உருளைக்கிழங்கு காற்றுப் பட்டதும் கறுக்கும் என்பதால் துண்டும் கறுத்தது, துருவலும் கறுத்தது.

நிறம் போனதை ருசியால் மூடலாம் என்று பெருங்காயம் போட்டேன். இது என் தனித் திறமை. கடுகு கூடாது, உளுத்தம்பருப்புக் கூடாது என்று தாளிதத்தையே பறித்துக்கொண்ட பண்டிகைக்குப் பெருங்காயம் ஒன்றாவது இருக்கட்டுமே என்று, கண்டுபிடிப்பாளன் மாதிரிப் போட்டேன். பெருங்காயம் செடியின் பால். அதில் என்ன தடை இருக்க முடியும்?

அதற்குள் சம்பந்தியம்மா வந்து இறங்கிவிட்டார். குசினியில் நின்று ஒவ்வொரு டப்பாவாக எடுத்து, கண்ணாடியை மேலே தூக்கிக்கொண்டு, பின்பக்கத்தைப் படித்தார். மஞ்சள், மிளகு, உப்பு எல்லாம் தேறின. பெருங்காய டப்பாவைப் படித்தவர் ஒன்றும் பேசாமல் என்னிடம் நீட்டினார். சேர்மானங்கள்: கோதுமை மா, பசை, பெருங்காயம். கடையில் விற்கிற கூட்டுப் பெருங்காயத்தில் பாதிக்கு மேல் மாதான் இருக்கும் என்பது சமையற்காரர் எல்லாருக்கும் தெரியுமாம். மா விற்ற கணக்கை வருடக்கணக்காக எழுதியவனுக்குத் தன் வீட்டுப் பெருங்காய டப்பாவுக்குள் மா ஒளிந்திருப்பது தெரியவில்லை.

அதன் பிறகு பாத்திரம். கோப்பைக்கு நான் ஒரு அழகான ஏற்பாடு வைத்திருந்தேன். எருமைத் தயிர் வருகிற சின்ன மண்சட்டிகளைக் கழுவி அடுக்கி வைப்பது எங்கள் வீட்டு வழக்கம். அவற்றில் சுட்டால் மண்வாசம், கிராமியம், திருமலையின் தனித்துவம் என்று சம்பந்தியம்மாவுக்கு விளக்கக் குறிப்பே தயாரித்திருந்தேன். அவர் ஒரு சட்டியைக் கையில் எடுத்து, இதில் முன்பு என்ன இருந்தது என்று கேட்டார். தயிர் என்றேன். அதற்குப் பிறகு? மனைவியைப் பார்த்தேன். அவள் உண்மை விளம்பி. “இதில பாண்தூள் வைச்சனான். அதில உளுந்து. அந்தச் சட்டி எனக்கு நினைவில்லை” என்றாள்.

மண்பாண்டம் தான் கொண்டதைக் குடித்துவிடும், கழுவிப் போகாது, எனவே பழைய மண்சட்டியைப் பஸ்காவுக்கு எந்த வழியிலும் தூய்மையாக்க முடியாது என்று மருமகள் மொழிபெயர்த்தாள். உலோகப் பாத்திரமென்றால் கொதிநீரில் போட்டு எடுத்துவிடலாமாம். லேவியராகமத்திலும் பலி இறைச்சி அவித்த பாத்திரத்துக்கு அதே நியாயம்தான்: மண்ணென்றால் உடை, வெண்கலமென்றால் தேய்த்துக் கழுவு. நான் வாயைத் திறக்குமுன் மனைவி, “செத்தவீட்டுத் தீட்டுக்கு நாங்களும் அப்படித்தானே. மண்சட்டியை எறியிறது, பித்தளையைப் புளிபோட்டு மினுக்கிறது” என்றாள். பிறகு சம்பந்தியம்மாவின் கையைப் பிடித்துப் பின்பக்கம் கூட்டிக்கொண்டு போனாள்.

அங்கே அவள் காட்டியது மச்சச் சட்டிகளை. எங்கள் வீட்டில் மீனுக்குத் தனிச் சட்டி, தனி அகப்பை, பின்வளவில் தனி அடுப்பு. மரக்கறிச் சட்டி உள்ளே. கந்தசஷ்டிக்கும் கௌரி விரதத்துக்கும் எடுக்கிற பாத்திரம் தட்டின் மேல். சம்பந்தியம்மா தன் விரல்களை மடக்கிக் காட்டினார்: இறைச்சிக்கு ஒரு தொகுதி, பாலுக்கு ஒரு தொகுதி, பஸ்காவுக்கு மட்டும் இரண்டும் வேறு வேறாக. இருவருக்கும் பொதுவான மொழி இல்லை. அரை மணி நேரம் அலுமாரிகளைத் திறந்து மூடிக்கொண்டே பேசிவிட்டார்கள். இத்தனை வருடம் அந்த வீட்டில் சாப்பிடுகிற எனக்கு எந்தச் சட்டி எதற்கு என்று அன்றுதான் தெரிந்தது. தட்டில் வந்ததைச் சாப்பிட்டேன். அது எந்த வழியாக வந்தது என்று கேட்டதே இல்லை.

பிறகு ஒவ்வொன்றும் விரைவாக முடிவானது. சாப்பாட்டுத் தட்டுக்கு வாழையிலை. இலைக்கு முன்சரித்திரம் கிடையாது. மீனுக்குப் புதுச் சட்டி. இறால், நண்டு, கணவாய், சுறா எதுவும் வேண்டாம், செட்டையும் செதிளும் உள்ள பாரை போதும். சேதர் தட்டில் வைக்கவேண்டிய எலும்பு திருவிழாக் காலத்தில் சாமியறைக்குப் பக்கத்தில் வேண்டாம் என்று மனைவி தயங்கினாள்; மரக்கறிக்காரர் வீட்டு வழக்கப்படி சுட்ட பீட்ரூட் வைக்கலாம் என்றார் சம்பந்தியம்மா. நான் வாதத்துக்கு எடுத்த அதே பீட்ரூட்தான், அவர் கைக்குப் போனதும் ஒரு பயனுக்கு வந்தது. கோப்பைக்கு, மனைவி ஒரு கடையைச் சொன்னாள். நோன்புப் பெருநாள் மார்ச் 31 இல் முடிந்திருந்தது. வட்டிலப்பம் ஊற்றுகிற சின்ன அலுமினியத் தகட்டுக் கோப்பைகள் கடையில் மிச்சம் இருந்தன. யாரும் தொடாத புதுக் கோப்பை. கிண்ணியாக்காரக் கடைக்காரர் பெருநாள் முடிந்து இத்தனை கோப்பை எதற்கு என்று கேட்டதற்கு, “எங்கட சம்பந்தி வீட்டுப் பெருநாள்” என்றேன். விலையில் கொஞ்சம் குறைத்துக்கொண்டார்.

சுடுவது இன்னும் என் பொறுப்பில்தான் இருந்தது. யாரும் பறிக்கவில்லை. பறித்திருக்கலாம்.

சனிக்கிழமை ஓய்வுநாள், வெள்ளி சூரியன் மறைவதற்குள் சுட்டு முடிக்க வேண்டும். அன்று உத்தரம் என்பதால் முட்டை உள்ளே வரக்கூடாது. ஓவனைப் பின் விறாந்தைக்குத் தூக்கி, நீட்டு வயர் இழுத்து, இரவு முழுக்கத் தேய்த்துக் கழுவிச் சுட வைத்திருந்த ஓவனுக்குள் கோப்பைகளை அடுக்கினேன். அதே பிளக்கில் மகன் தேநீர்க் கேத்தலைச் செருகியிருந்ததைக் கவனிக்கவில்லை. ‘டக்’ என்றது. வீடு முழுக்க மின்சாரம் போனது.

அந்த வருடம் பெப்ரவரி 9ஆம் தேதி பாணந்துறைத் துணை மின்நிலையத்தில் ஒரு குரங்கு போய் மாட்டியதில் இலங்கை முழுவதும் இருண்டது என்று அமைச்சரே அறிவித்திருந்தார். எனவே நான் தயக்கமில்லாமல், “எங்கேயோ குரங்கு” என்றேன். பேரன் வெளியே போய்ப் பார்த்துவிட்டு வந்து, “அப்பப்பா, பக்கத்து வீட்டில் ஃபேன் சுத்துது” என்றான். ட்ரிப் சுவிட்சை நிமிர்த்தினோம். விளக்கு வந்தது, ஓவன் வரவில்லை. அது நிரந்தர ஓய்வுக்குப் போய்விட்டது.

சூரியன் இறங்கிக்கொண்டிருந்தது. எனக்கு மூளை மின்னியது. ஆலைக் காலத்திலிருந்து பழக்கமான ஒரு பேக்கரி இருக்கிறது, போறணை எப்போதும் சூடாக இருக்கும். யாரிடமும் சொல்லாமல் தட்டைத் தூக்கிக்கொண்டு ஓட்டோவில் ஏறினேன். பேக்கரிக்காரர் அன்பாக வரவேற்றார். வருடப்பிறப்புக் கேக் ஓடர்களுக்கு நடுவிலும் எனக்கு இடம் ஒதுக்கினார். “விடியக் காலையில இருந்து பாண் போட்ட போறணை ஐயா, சூடு நல்லா நிக்குது” என்றார். அவர் கை மா, சட்டை மா, போறணை வாசல் மா, காற்றெல்லாம் மா. தட்டை நீட்டிய என் கை அப்படியே நின்றது.

ஒரு வாரமாக ஒரு சிட்டிகை மாவுக்குப் பயந்து, டப்பா டப்பாவாகத் தேடி, கடைசியில் நான் கொண்டுபோய் நின்ற இடம் திருகோணமலையிலேயே அதிகம் மா பறக்கிற இடம். தட்டைத் திறக்கவில்லை, சுடவும் இல்லை என்று வீட்டில் சத்தியம் செய்தேன். சம்பந்தியம்மா தட்டைப் பார்த்தார். மூடிய பொலித்தீனின் மேல் வெள்ளையாக ஒரு கைரேகை இருந்தது. அவர் சிரித்தார். அது இரக்கமான சிரிப்பு, ஆனாலும் தட்டு உள்ளே போகவில்லை.

நான் போன நேரத்தில் பின்வளவில் வேலை தொடங்கியிருந்தது. மனைவியின் தாய்வீட்டில் மின்சாரம் வருவதற்கு முன் கேக் சுட்ட முறை: வாயகன்ற பாத்திரத்தில் மணல் பரப்பி அடுப்பில் ஏற்றி, மூடித் தகரத்தின் மேலும் தணல் போடுவது. மேலும் நெருப்பு, கீழும் நெருப்பு. மருமகள் துருவினாள். சம்பந்தியம்மா புதுத் துணியில் பிழிந்து, அடியில் படிந்த வெள்ளையைச் சேர்த்தார். மரவள்ளி மாவோடு, பெட்டியில் வரும் வழியில் நொறுங்கிப்போன மட்சாவையும் பொடித்துப் போட்டார்கள். எண்ணெய் தேங்காயெண்ணெய். கூடவே கட்டித் தேங்காய்ப்பால் இரண்டு கரண்டி. இது மனைவியின் சேர்க்கை. பால் சேர்க்கக்கூடாத இறைச்சிச் சமையலில் கொச்சி யூதர்கள் நெடுங்காலமாகத் தேங்காய்ப்பாலைத்தான் நம்பியிருந்தார்கள். மட்டாஞ்சேரியில் அவர்கள் 1568 இல் கட்டிய தொழுகைக்கூடம் இன்றும் நிற்கிறது. நம் தென்னை அவர்களுடைய சட்டத்துக்கு முன்னமே பழகிய மரம். சூரியன் உட்துறைமுகப் பக்கம் சாய்வதற்குள் கோப்பைகள் பொன்னிறமாக இறங்கின. சம்பந்தியம்மா மெழுகுவர்த்தி ஏற்றப் போனார்.

மறுநாள் இரவு, மூன்று நட்சத்திரம் தெரிந்த பிறகு, விருந்து. பூரணை என்பதால் ஊரில் மதுக்கடைகள் பூட்டு. நான்கு கிண்ணத்துக்கான முந்திரிகை ரசத்தை அவர்கள் கொண்டுவந்திருந்தார்கள். வீட்டின் இளையவர் நான்கு கேள்வி கேட்பது சேதரின் மரபு. பேரன் நான்கையும் ஹீபுருவில் ஒப்பித்துவிட்டு, ஐந்தாவதைத் தமிழில் கேட்டான்: “அப்பப்பா ஏன் பாண்கடைக்குப் போனவர்?” விடை சொல்ல வேண்டியது பெரியவர்களின் கடமை. எனக்காக மனைவி சொன்னாள். மருமகள் அதை ஆங்கிலத்தில் சொன்னாள். சம்பந்தியம்மா தன் தங்கைக்குத் தொலைபேசியில் சொல்லப் பண்டிகை முடியட்டும் என்று காத்திருந்தார்.

கசப்புக் கீரை உண்ணும் கட்டம் வந்தபோது மனைவிக்கு விளக்கம் தேவைப்படவில்லை. இரண்டு நாளில் மருத்துநீர் வைத்து முழுகி, வேப்பம்பூவோடு வருடத்தைத் தொடங்கப்போகிறவள். கோப்பை மரக்கறி அருமையாக இருந்தது. விளிம்பு மொறுமொறு, நடு மிருது, தேங்காய்ப்பாலின் இனிப்பு மெல்ல. நானும் இரண்டு சாப்பிட்டேன். யார் செய்தது என்று சம்பந்தியம்மா மேசையில் அறிவித்தபோது என் பெயரையும் சேர்த்தார்: கோப்பை வாங்கியவர். நீதியான பங்கு.

யோசித்துப் பார்த்தால் அந்த வாரம் எனக்குத் தெரியாமல் போனது சமையல் மட்டும் என்று தோன்றவில்லை. விலக்கு என்பதை நான் புத்தகத்தில் படித்தேன், வாதாடினேன், ஓட்டை தேடினேன். வீட்டில் ஆயுள் முழுக்க விலக்குக் காத்த இரண்டு பெண்கள் ஒருவரின் சட்டியை மற்றவர் பார்த்த மாத்திரத்தில் புரிந்துகொண்டார்கள். ஒருத்திக்கு மச்சம், மற்றவருக்கு மா. காரணம் வேறு, கவனம் ஒன்று. அந்தக் கவனத்தின் பலனைத் தின்று வளர்ந்த எனக்கு அது இருப்பதே தெரியவில்லை. எங்கள் வீட்டுச் சட்டி எது என்று தெரியாதவன் அடுத்த வீட்டுச் சட்டியைப் பற்றிச் சாத்திரம் பேசினேன்.

ஆகவே ஆண்களுக்கு ஒரு வார்த்தை. பிறர் பண்டிகைக்குச் சமைக்க ஆசை வந்தால், என்ன சேர்ப்பது என்று கேட்குமுன் என்ன ஆகாது என்று கேளுங்கள். ஆச்சரியம் கொடுக்க நினைக்காதீர்கள். விருந்தாளிக்கு வேண்டியது நிம்மதி. எல்லாவற்றுக்கும் முதலில், உங்கள் வீட்டுக் குசினிக்குள் போய் எந்தச் சட்டி எதற்கென்று உங்கள் மனைவியிடம் கேட்டுப் பாருங்கள். பெருங்காய டப்பாவின் பின்பக்கத்தையும் அப்படியே ஒருமுறை படித்துவிடுங்கள்.